கதவு தானாகத் திறக்காது

என் ஷிகேயான்,

நலமா என்று கேட்டுத்தான் எழுதிப் பழக்கம். உங்களிடம் எப்படிக் கேட்பது? நான் நலம். முழங்கால் மட்டும் குளிரில் பிடிக்கிறது. தோட்டத்து முள்ளங்கியைப் பிடுங்கி ஊறுகாய் போட்டுவிட்டேன்.

நேற்று நீங்கள் போய் நாற்பத்தொன்பதாம் நாள், உங்களைக் கல்லறையில் வைக்கும் நாள். நம் பிள்ளை தெத்சுரோ ஒசாகாவிலிருந்து நேராகக் கோயிலுக்கு வந்துவிட்டான். வெள்ளைத் துணி கட்டிய பெட்டியில் உங்கள் எலும்புகளை இரண்டு கையாலும் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நான் நம் ஊர் ரயில் நிலையத்துக்கு நடந்தேன். அங்கே ஏது ஆள்? டிக்கெட் ஜன்னலுக்குப் பலகை அடித்து எத்தனை வருஷம் ஆயிற்று!

வண்டி வந்து நின்றது. கதவு திறக்கவில்லை. நான் கதவையே பார்த்துக்கொண்டு நின்றேன். ஓட்டுநர் எட்டிப் பார்த்தார். ஏற்றிக்கொள்ளப்பா என்று நான் தலை குனிந்தேன். துக்கத்துக்கு உடுத்திய கறுப்பு உடையையும் பெட்டியையும் பார்த்துவிட்டு, வெறுமனே வணங்குகிறேன் என்று நினைத்தாரோ என்னவோ, அவரும் நன்றாகக் குனிந்தார். பிறகு வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்! எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. கத்தினால் கேட்கக்கூட அங்கே ஒரு மனிதர் இல்லை என்றுதான் நினைத்தேன்.

இருந்தது யார் தெரியுமா? நிலையத்துப் பூப்பாத்தியில் களை பிடுங்க வந்த இசோனோ. உங்களோடு குப்பைக்குச் சண்டை போட்டாளே, அவளேதான். "என்னக்கா, கதவு தானா தெறக்கும்னு நின்னீங்களா? இதென்ன பெரிய ஓட்டலா? பக்கத்துல பொத்தான் இருக்கில்ல, அதை அழுத்தணும்" என்றாள்.

எனக்கு எப்படித் தெரியும்? எப்போதும் நீங்கள் முன்னால் போவீர்கள். உங்கள் முதுகைப் பார்த்துக்கொண்டே நான் ஏறுவேன். எனக்குத் தெரிந்தது இந்த எளிய எழுத்து மட்டும்தான்; பொத்தானுக்கு மேலே இருக்கும் கடின எழுத்தைப் படிக்க நான் என்ன பெரிய பள்ளிக்கூடமா போனேன்?

அடுத்த வண்டி வரும்வரை குளிரில் நின்றோம். "பெட்டியைக் குடுங்கக்கா, நான் பிடிச்சுக்கறேன்" என்றாள். "உன்னைக் கண்டாலே அவருக்கு ஆகாது, வேண்டாம்" என்றேன். "அப்ப பெஞ்சுல வையுங்க" என்றாள். அந்தப் பெஞ்சில் வைத்த எந்தக் குடையை நீங்கள் திரும்ப எடுத்து வந்தீர்கள்? உங்களை வைப்பேனா?

வண்டி வந்ததும் "நான் அழுத்தறேன்" என்று கையை நீட்டினாள். எனக்கு வீம்பு. குனிந்து, பெட்டியின் மூலையால் பொத்தானை இடித்தேன். கதவு திறந்தது. வழக்கம்போல நீங்களேதான் திறந்தீர்கள். "போனப்புறமும் மனுஷன் யாருக்கும் விட்டுக் குடுக்கலை பாருங்க" என்று சிரித்த இசோனோ, மூக்கை உறிஞ்சிக்கொண்டு திரும்பி நின்றாள்.

கோயிலில் தெத்சுரோ, ஏன் இவ்வளவு தாமதம் என்று எல்லார் எதிரிலும் சத்தம் போட்டான். உங்களைக் கல்லறைக்குள் வைத்து மூடினார்கள்.

திரும்பும்போது கை காலி. நானே விரலால் அழுத்தினேன். உடனே திறந்தது. இவ்வளவுதானா! குழந்தைகூடச் செய்யும்.

விளக்கேற்றி, சோறு வைத்து, இதை உங்கள் படத்துக்கு முன்னால் வைக்கிறேன். குளிரில்லாத இடத்தில் இருங்கள்.

உங்கள்
தொமெ

ஒன்று கேட்க விட்டுப்போயிற்று. ஆஸ்பத்திரிக்குப் போன அன்றுகூட, மூச்சு வாங்க வாங்க நீங்கள்தான் அழுத்தினீர்கள். அன்றைக்காவது, "தொமெ, நீ அழுத்து" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா?