மூன்றாவது குரல்

நாஷ்வில், அக்டோபர் 9

அன்புள்ள அம்மா,

முழங்கால் வலி குறைந்ததா? தங்கை வெர்லீனின் தொண்டைத் தையல் ஆறிவிட்டதா? தம்பி டாய்லும் நானும் நலம். இங்கே குளிர் தொடங்கிவிட்டது, என் கம்பளிக் காலுறைகளை அனுப்புங்கள். கொஞ்சம் ப்ளாக்பெரி ஜாமும்.

வெர்லீன் தேறும்வரை அவள் இடத்தில் நாடீன் என்ற பெண் எங்கள் இருவரோடும் பாடுகிறாள். நேற்று வானொலிக்காக எங்கள் பாட்டைப் பதிவு செய்தார்கள். அறிவிப்பாளர், “குரல் இப்படி ஒட்டுதே! மூணு பேரும் ஒரே வயித்துப் பிள்ளைங்களா?” என்று கேட்டார். உடன்பிறந்த மூவர் பாடும் குழு என்றுதானே எங்களைப் பாடக் கூப்பிடுகிறார்கள், வாய்ப்பு போய்விடுமோ என்று பயந்துவிட்டேன். “ஆமாங்க, இவதான் எங்க வெர்லீன்” என்றேன்.

வெளியே வந்ததும் டாய்ல், “ஏன்க்கா, அப்போ வீட்ல படுத்திருக்கிறது யாரு?” என்றான். சிரித்து மழுப்பினேன்.

அடுத்த சனிக்கிழமை ஆறு மணிக்கு ஒலிபரப்பு, நான் சொன்ன அந்தப் பொய்யும் அதில் வரும். வெர்லீன் காதில் விழாதபடி அந்த நேரத்தில் வானொலியின் பாட்டரியைக் கழற்றிவிடுங்கள் என்று கேட்கத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். எழுத எழுத, அதைவிடக் கேவலம் வேறில்லை என்று தோன்றுகிறது. அதனால் இந்தக் கடிதத்தை முதலில் அவளிடம் படித்துக் காட்டுங்கள்.

டாய்ல் ஹாரன் அடிக்கிறான், கிளம்ப வேண்டும். அவளால் இன்னும் பேச முடியாது. என்னைத் திட்டுவதற்கு ஒரு தாளும் பென்சிலும் கொடுங்கள், அம்மா.

உங்கள் ஆர்டித்