ராணி கேட்ட காளான் சலாட்

ஆவணி 4, திங்கள்
வெயில். சோளகக் காற்று புழுதியை அள்ளி வீட்டுக்குள் கொட்டுது. முள்ளிவாய்க்கால் கரையில் நல்ல பாரை மீன். கிளிநொச்சிச் சந்தையில் வெயில் ஏறமுதல் வித்து முடிஞ்சுது.

மனுசி ராணி இன்றைக்கும் சாப்பிடவில்லை. கஞ்சியைக் கிட்டக் கொண்டுபோகவே ஓங்காளித்துச் சத்தி. புற்றுநோய்க்கு மருந்து ஏற்றத் தொடங்கியதிலிருந்து இப்படித்தான். நேர்ஸ் மிஸ் நேரே சொல்லிவிட்டா: "நிறை இன்னும் இறங்கினா அடுத்த மருந்து ஏத்தேலாது ஐயா. சூடாக் குடுத்தா மணம் எழும்பும். குளிராக் குடுத்துப் பாருங்கோ." அடுத்த கிழமை நிறுப்பினம்.

பின்னேரம் அவளே வாய் திறந்தாள். "கொழும்பில சீனக் கடையில ஒண்டு திண்டமே, காளானும் வெள்ளரிக்காயும்? குளிரா, புளிப்பா. அதெண்டா இறங்கும்."
கேட்டுவிட்டாள். அது போதும்.

ஆவணி 5, செவ்வாய்
அக்கராயனுக்குப் போனேன். கொட்டில் போட்டுச் சிப்பிக்காளான் வளர்க்கிற அக்காவிடம் வாங்கினேன். "என்ன அண்ணை, மீன்காரர் சைவமாகிட்டாரோ?" சிரிப்பு வரவில்லை.

வாங்கியது: சோயா சோஸ், வினாகிரி, இஞ்சி, உள்ளி. எள்ளெண்ணெய் வேண்டுமாம். அது நல்லெண்ணெய்தானே, வீட்டில் போத்தல் கணக்கில்.

போனில் வீடியோ பார்த்துப் பார்த்து. காளானைக் கிழித்து, அவித்து, ஆறவிட்டுப் பிழிந்து. வெள்ளரிக்காயைத் தட்டி, உப்புப் போட்டு, தண்ணி வடித்து. எண்ணெய் தாராளம். பிரிட்ஜில் வைத்து எடுத்துக் கொடுத்தேன்.
மணந்து பார்த்தாள். "என்னை இன்னொருக்காச் சாமத்தியப்படுத்தப் போறியளோ?" பெரிசான பெட்டையளுக்கு முட்டையோடு பருக்கிற எண்ணெய். சிரித்தாள். சிரித்தபடியே சத்தி.

ஆவணி 6, புதன்
அந்த எண்ணெய் வறுத்த எள்ளில் எடுக்கிறதாம். எள்ளு வறுத்து உரலில் இடித்துப் போட்டேன். இந்தமுறை எண்ணெயே விடவில்லை. திரும்பப் பிரிட்ஜ்.
ராணியின் தங்கச்சி சாந்தி வந்து நிற்கிறாள். ஒரு வாய் வைத்துவிட்டு, "அத்தான், மீன் மணக்குது."
"எங்க?"
"பிரிட்ஜ் முழுக்க."
எனக்கு ஒன்றும் தெரியவில்லை. சைக்கிளில் மீன்பெட்டி கட்டித் திரிந்த காலத்தில் வாங்கின முதல் சாமான் அந்தப் பிரிட்ஜ்; விக்காத மீனும் அதுக்குள்தான். தேசிக்காய் தேய்த்தேன், கழுவினேன். "இன்னும் மணக்குது" என்கிறாள். முழுக் கிண்ணமும் கோழிக்கு.
ஆர் என்ன கேட்டாலும் கொண்டுவந்து கொடுக்கிறவன் என்று எனக்குப் பேர்.

ஆவணி 7, வியாழன்
ஐஸ் போட்டு வைக்கப் புது ரெஜிபோம் பெட்டி, புதுக் கிண்ணம். ஐஸ் வாங்கினது கூல்பாரில். மீன் ஐஸ் கிட்டவும் இல்லை. திறமாய் வந்தது.
நீட்டினேன். முகத்தைத் திருப்பினாள். "வையுங்கோ, பிறகு சாப்பிடுறன்."

கிணற்றடியில் முகம் கழுவ நின்றேன். ராணியின் அறை யன்னல் திறந்து கிடந்தது. சாந்தியின் குரல்: "நல்லாத்தானே இருக்கு அக்கா, ஏன் தொடேல்லை?"
"மெல்லக் கதையடி. சாப்பாட்டில ஒண்டுமில்லை. அந்தாளின்ர கை. மீன். சொல்லிப்போடாத, மனுசன் உடைஞ்சுபோகும்."

சவர்க்காரம். தேசிக்காய். சாம்பல். மண்ணெண்ணெய். தோல் எரியுது. மணந்து மணந்து பார்க்கிறேன். எனக்கு ஒன்றும் தெரியவில்லை.

ஆவணி 8, வெள்ளி
கரைக்குப் போகவில்லை. காய்ச்சல் என்று சொன்னேன். எத்தனை நாளைக்குச் சொல்லலாம்? மருந்துச் செலவுக்கு மீன்தான் வழி. வேறு வியாபாரம் யோசிக்க வேணும். மண்டை ஓடுதில்லை.

சாந்தி குசினியில், நான் வெளியே கதிரையில். இங்கிருந்தே சொன்னேன். தட்டு. உப்பு. நல்லாய்ப் பிழி. காளான் அவிஞ்சது காணும், இறக்கு.
"உள்ள வந்து காட்டுங்கோவன் அத்தான்!"
"நீயே செய்."
"பிழைச்சா என்னைத் திட்டக்கூடாது."
ஒன்றையும் தொடவில்லை. ஐஸ் பெட்டியில் வைத்ததும் அவள், கொண்டுபோனதும் அவள்.

கிணற்றடியில் நின்றேன். காற்று என்னிலிருந்து யன்னலுக்குப் போகாத பக்கமாய்.
கறுக்.
பிறகு ஒன்றுமில்லை.
பிறகு கறுக், கறுக்.
"இஞ்சேருங்கோ, எங்க நிக்கிறியள்? வந்து பாருங்கோ, சாப்பிடுறன்!"
போகவில்லை.