பால் சர்க்கரையும் பதினேழாம் எண்ணும்

மே 12, திங்கள்

கத்திரி வெயில். காலை எட்டுக்கே குழாயில் வெந்நீர். கேன் தண்ணீருக்குச் சொல்ல வேண்டும். மின்விசிறியில் மறுபடியும் அந்தக் கிறீச் சத்தம்.

ஆபீஸ் மெயில். உலகப் பால் சர்க்கரைச் சந்தை அறிக்கை, இந்த ஆண்டுப் பதிப்பு, வெள்ளிக்குள். போன வருடத்து அறிக்கையைத் திறந்து ஆண்டை மாற்றினேன். பாதி வேலை முடிந்த மாதிரி ஒரு திருப்தி. 'சீராக வளர்ந்து வருகிறது' என்ற வரியில் கை வைக்கவில்லை. ஆறு வருடமாக இந்த வேலை. சீராக வளராத சந்தை ஒன்றைக்கூட இந்த வீட்டிலிருந்து நான் எழுதியதில்லை.

மெயிலின் கடைசியில் இரண்டு விஷயம். ஒன்று, போன் பேட்டி எடுப்பது இதுவே கடைசி முறை. இனிமேல் மென்பொருளே படித்து, தொகுத்து, எழுதிவிடும். நான் சரிபார்த்தால் போதுமாம். பேட்டி கொடுப்பவர்களின் பட்டியல் வெள்ளி மாலை ஆறு மணிக்குப் பூட்டப்படும். இன்னொன்று, என் பழைய அழைப்புகளைக் கேட்ட தரச் சோதனைப் பிரிவு இரைச்சல் என்று புகார் செய்திருக்கிறது. வீட்டில் அமைதியான அறை எதுவும் இல்லையா என்று கேட்டிருக்கிறார்கள்.

இருப்பது இரண்டு அறை. ஒன்றில் அம்மாவின் கட்டில், பீரோ. அம்மா போய் இரண்டு வருடம் ஆகியும் அந்த அறையில் மேசை போட மனம் வரவில்லை. இன்னொன்றில் என் மேசை. அது சாய்ந்திருக்கும் சுவருக்கு அந்தப் பக்கம் கலா அக்காவின் தறி. ஆரணியில் அமைதியான அறை கேட்கிறார்கள்.

பேச வேண்டியவர்கள்:
எண் 4, ஜெர்மனி. கோபக்காரர்.
எண் 9, குஜராத். மாத்திரை கம்பெனியில் கொள்முதல் மேனேஜர்.
எண் 17, நியூசிலாந்து. ஏ.

பதினேழைக் கடைசிக்கு வைத்திருக்கிறேன்.

மே 13, செவ்வாய்

பாக்கெட் பால் திரிந்துவிட்டது. கொட்டும்போதுதான் நினைத்தேன்: கட்டிக்கு மேல் நிற்கும் இந்த மஞ்சள் தண்ணீரிலிருந்துதான் உலகம் முழுக்க பால் சர்க்கரை எடுக்கிறார்கள். குழந்தைகளின் பால்பவுடரில், மாத்திரையில், ஆஸ்துமாக்காரர்கள் உறிஞ்சும் மருந்தில் எல்லாம் அது இருக்கிறது. நான் அதை சிங்க்கில் ஊற்றினேன். கறுப்புக் காப்பி.

எண் 4 எடுக்கவில்லை.

எண் 9 எடுத்தார். விலை எப்படிப் போகும் என்று கேட்டேன். தொண்டையைச் செருமிக்கொண்டு, "ஆசிய நாடுகளின் மருந்துத் துறையே வரும் ஆண்டுகளில் தேவையை முன்னெடுத்துச் செல்லும்" என்று ஆங்கிலத்தில் கடகடவென்று சொன்னார். நன்றாக இருக்கிறதே என்று எழுதிக்கொண்டேன். பாதி எழுதும்போதே கை நின்றுவிட்டது. அது என் வரி. போன வருடம் அம்மாவின் திவசத்துக்கு மறுநாள், எதுவும் தோன்றாமல், நானே இட்டுக்கட்டிய வரி. எங்கே படித்தீர்கள் என்றேன். ஏதோ ஒரு அறிக்கையில் என்றார். சந்தையே அப்படித்தான் பேசுகிறது மேடம் என்றார்.

அதாவது நான் சொன்னது உலகம் சுற்றி எனக்கே வந்திருக்கிறது. நாள் முழுக்க நான் பேசிய ஒரே ஆளும் நானே.

எழுதிவிட்டேன், அதையே. 'துறை சார்ந்த வல்லுநர் ஒருவரின் கருத்து.'

மதியம் தயிர் சாதம், மாவடு. ராத்திரிக்கும் அதுவே.

மே 14, புதன்

காலையில் ஒரு மணி நேரம் கரண்ட் இல்லை. கலா அக்காவின் தறிக்குக் கரண்ட் வேண்டாம். அது பாட்டுக்கு ஓடியது. அந்தச் சத்தத்தில் ஒரு தூக்கம்.

எண் 17 பற்றி எழுதி வைக்கவேண்டும் என்று தோன்றுகிறது. வெள்ளிக்குப் பிறகு அவர் எங்கேயும் இருக்க மாட்டார், பூட்டிய பட்டியலில் தவிர.

பெயர் ஏழுமலை. சீஸ் செய்தபின் மிஞ்சும் தண்ணீரிலிருந்து பால் சர்க்கரை எடுக்கும் ஆலையில் ஷிப்ட் மேற்பார்வையாளர். மூன்று வருடமாக மூன்று மாதத்துக்கு ஒருமுறை, இருபது நிமிடம். ஆங்கிலத்தில்தான். எங்கள் விதி அப்படி. நான் வசந்தி இல்லை, மியா. இருக்கும் ஊரைச் சொல்லக் கூடாது. சொந்த விஷயம் பேசக் கூடாது. எல்லாம் பதிவாகும். மீறினால் வேலை போகும்.

முதல் அழைப்பிலேயே போனைக் கையால் மூடிக்கொண்டு யாரையோ அதட்டினார்: "ஜல்தி வாடா, எவ்ளோ நேரம் நின்னுகினு இருப்ப." எங்கள் பக்கத்துப் பேச்சு. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அப்புறம் ஒரு தடவை அவரே சொன்னார், பெரணமல்லூர் என்று ஒரு சின்ன ஊர் மிஸ் மியா, உங்களுக்குத் தெரிய வாய்ப்பில்லை, பக்கத்தில் பட்டுக்குப் பேர்போன ஊர் ஒன்று இருக்கிறது என்று. நான் என்ன சொன்னேன்? "ஓ, அழகான ஊரா?" என்று கேட்டேன். என் சித்தியைக் கொடுத்த ஊர் பெரணமல்லூர். பத்து நாள் அதை நினைத்து நினைத்து எரிச்சலாக வந்தது.

அவர்தான் முதலில் கேட்டார், அது என்ன சத்தம் என்று. வாஷிங் மிஷின் என்றேன். அடுத்த தடவையும் கேட்டார். அதே பொய். பிறகு அதுவே அவருடைய வணக்கம் ஆகிவிட்டது. போனை எடுத்ததும், "இன்றைக்கும் துணி துவைக்கிறீர்களா மிஸ் மியா?" நிறையத் துணி என்பேன். சிரிப்பார்.

அவர் ஒருவர்தான் உண்மை பேசுவார். மற்றவர்கள் சந்தை என்பார்கள், அவர் தொட்டி என்பார். பாகை அவசரமாகக் குளிர வைத்தால் சர்க்கரை மாவாகப் போகும், பொறுமையாக ஆறவிட்டால்தான் மணி மணியாகக் கட்டும் என்று சொல்லிக்கொடுத்தவர் அவர்தான். அந்த வரியை ஆபீஸில் வெட்டிவிட்டார்கள்.

வெள்ளியன்று என் பெயரையாவது சொல்ல வேண்டும். மியா இல்லை, வசந்தி என்று. அவ்வளவுதான், வேறு எதுவும் வேண்டாம். பதிவாகும். வேலை போகும். நாற்பத்து மூன்று வயதில் வேறு என்ன வேலை?

மே 15, வியாழன்

கலா அக்காவிடம் போய்க் கேட்டேன். நாளை காலை பத்து மணிக்கு இருபது நிமிடம் தறியை நிறுத்த முடியுமா? நான் சுவரில் இரண்டு தட்டு தட்டினால் நிறுத்த வேண்டும், மூன்று தட்டினால் ஓட்டலாம். அக்கா காலை மிதிபலகையிலிருந்து எடுக்காமலே கேட்டாள்.

"நிறுத்தறது பெரிசில்ல. யாராண்ட பேசப் போற, அத்த சொல்லு."

ஆபீஸ் வேலை என்றேன். நம்பவில்லை. இந்த ஆறு வருசத்தில் ஆபீஸ்காரன் யாருக்காவது தலைக்கு ஊத்திகினு நின்னியா என்றாள். தலைமுடி ஈரமாக இருந்ததைக் கவனிக்கவில்லை நான். நாளைக்குத்தானே அழைப்பு, இன்றைக்கே எதற்குக் குளித்தேன் என்று எனக்கே தெரியவில்லை.

பஸ் ஸ்டாண்டு பக்கம் போனேன். ஹெட்போன் பஞ்சு, அரை கிலோ தக்காளி, அம்மா படத்துக்குப் பூ. பெரணமல்லூர் வண்டி நின்றுகொண்டிருந்தது. ஜன்னலோரம் இடம் இருந்தது. கண்டக்டர் என்னைப் பார்த்து, ஏறுங்கம்மா, எடுக்கப் போறோம் என்றார். போய் என்ன செய்வது? அங்கே யாரிடம் என்ன சொல்வது? உங்கள் ஊர்ப் பிள்ளையோடு மூன்று வருடமாகப் பால் சர்க்கரை பற்றிப் பேசுகிறேன் என்றா? வண்டி போனபிறகும் கொஞ்ச நேரம் நின்றேன்.

எண் 4 எடுத்தார். இரண்டு நிமிடம். இனிமேல் கூப்பிட வேண்டாம் என்றார். கூப்பிட மாட்டோம் என்று சொன்னபோது எனக்கே ஒரு மாதிரி ஆகிவிட்டது.

பேச நினைத்திருப்பது: 1. பெயர். 2. சித்தி ஊர். 3. வாஷிங் மிஷின் என்னிடம் கிடையாது.
மூன்றாவது போதும் ஒருவேளை. அதிலேயே எல்லாம் வந்துவிடும்.

மே 16, வெள்ளி

மேகமூட்டம். புழுக்கம். மழை வராது.

பத்துக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது சுவரில் இரண்டு தட்டு. தறி நின்றது. அவ்வளவு அமைதி எனக்குப் பழக்கமில்லை. அம்மாவை எடுத்துக்கொண்டு போன அன்று தெருவே தறியை நிறுத்தியிருந்தது. அதற்கப்புறம் இன்றுதான்.

எடுத்தார். ஹலோ என்றார். துணி துவைப்பதைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. என்னவோ போல் இருந்தது. நேராகக் கேள்விக்குப் போனேன்.

அவர் சொன்னது: ஜிம்முக்குப் போகிறவர்களுக்குப் புரதப் பவுடர் வேண்டும், அதைத்தான் எல்லாரும் துரத்துகிறார்கள். பால் சர்க்கரை அதில் மிஞ்சுவது. யாரும் சர்க்கரைக்காகப் பால் கறப்பதில்லை. புரதம் ஏற ஏற சர்க்கரையும் கூடவே வந்து தொட்டியில் நிற்கும், வாங்க ஆள் வேண்டும். சீனாவில் குழந்தை பிறப்பது குறைகிறது, அதனால் பால்பவுடர்காரர்கள் முன்பு போலக் கேட்பதில்லை. மருந்துக்குப் போகிற மணிச் சர்க்கரைக்கு மட்டும் எப்போதும் ஆள் உண்டு.

ஆக, சீராக வளர்கிறதா என்று கேட்டேன். நீங்கள் எப்படியும் அப்படித்தானே எழுதுவீர்கள் மிஸ் மியா என்றார். கோபமாகச் சொல்லவில்லை.

இதுதான் கடைசி அழைப்பு, இனி மென்பொருள் என்று சொன்னேன். அது சொல்லலாம், விதியில் இருக்கிறது. நன்றி வாசகத்தைப் படித்தேன். மணி பத்து பதினெட்டு. திரையில் பதிவின் சிவப்புப் புள்ளி. எழுதி வைத்த மூன்றில் ஒன்றுகூட வரவில்லை. சரி, நல்லது என்று முடித்துவிடுவேன் போலிருந்தது.

அப்போது கேட்டார். தமிழில்.

"இன்னிக்கி துணி தொவைக்கலீங்களா?"

கை தானாகப் போய் சுவரைத் தட்டியது. ஒன்று, இரண்டு, மூன்று. கலா அக்கா அந்தப் பக்கம் காதை வைத்துக்கொண்டே இருந்திருப்பாள், உடனே தறி கிளம்பிவிட்டது. ஹெட்போனைக் கழற்றி மைக்கைச் சுவர்ப்பக்கம் திருப்பிப் பிடித்தேன். எவ்வளவு நேரம் என்று தெரியவில்லை. திரும்பக் காதில் வைத்தபோது அவர் மூச்சு விடுவது கேட்டது.

"ஆரணிதானுங்களே. டவுனா, சேவூருங்களா?"

"டவுன்தாங்க. எப்போ தெரிஞ்சுது?"

"மொத நாளே தெரியுங்க. எங்க பெரியம்மா வூட்டாண்ட இதே சத்தந்தான். நீங்க சொல்லல, சொல்லக் கூடாது போலன்னு நானும் கேக்கல." பிறகு, "இந்த ஊர்ல குளுர்ல யாருங்க எனுக்குத் தறி ஓட்டிக் காட்டறது? இதுக்கோசரமே போன எடுப்பேன்," என்றார்.

இதற்காகவே. நான் பேசுவதற்காக இல்லை. ஒரு நொடி சுருக்கென்றது. அப்புறம், அதனால் என்ன என்று தோன்றியது. நானும் அவர் என்ன பேசினார் என்பதற்காகவா கூப்பிட்டேன்?

"உங்க பேரு மியா இல்லதானே?"

"வசந்தி."

"வசந்தி," என்று ஒரு தடவை சொன்னார். சரியாகச் சொல்லிப் பார்ப்பதுபோல. அம்மாவுக்குப் பிறகு போனில் யாரும் என் பெயரைச் சொன்னதில்லை. அழுதேன். மறைக்கவில்லை.

ஜூன் கடைசியில் ஆலையை ஒரு மாதம் மூடுவார்களாம், ஊருக்கு வருகிறாராம். சந்தோஷங்க என்றேன். அவரும் சந்தோஷங்க என்றார். யாரோ அவரைக் கூப்பிட்டார்கள். தோ வரேன் என்றார். கட்டாகிவிட்டது.

அறிக்கையை நாலு மணிக்கு அனுப்பினேன். பாகு, மணி, பொறுமை என்ற வரியை மறுபடி சேர்த்திருக்கிறேன். வெட்டுவார்கள், வெட்டட்டும்.

ஆறு மணிக்குப் பட்டியல் பூட்டப்பட்டது. ஆறு ஐந்துக்குத்தான் உறைத்தது. அவர் நம்பர் என்னிடம் இல்லை. திரையில் எப்போதும் பட்டியல் எண் மட்டும்தான் தெரியும், அழைப்பை மிஷினே போடும். என் நம்பரை அவரிடம் கொடுக்கவும் இல்லை. பெயரைச் சொல்ல மூன்று வருடம் தவித்தவளுக்கு அது தோன்றவேயில்லை.

கலா அக்கா மோர் கொண்டுவந்தாள். "தமிழ்ல பேசின மாதிரி கீதே. நம்ம பக்கத்து ஆளா?" பெரணமல்லூர் என்றேன். வருவாரா என்றாள். ஊருக்கு வருவார் என்றேன். டம்ளரைக் கழுவி வைத்துவிட்டுப் போனாள்.

மே 17, சனி

ராத்திரி தூறல். காலையில் மறுபடி வெயில். கேன் தண்ணீர் வந்துவிட்டது.

தரச் சோதனைப் பிரிவிலிருந்து ஒரு படிவம். அவர்களுக்கு என்னை மியா என்றுதான் தெரியும். நேற்றைய அழைப்பைப் பற்றி, பன்னிரண்டு மணிக்குள் நிரப்ப வேண்டும்.

பதினெட்டாவது நிமிடத்திலிருந்து பலத்த இரைச்சல், காரணம்? தறி என்று எழுதினேன்.

அதன்பின் மியாவின் குரல் இல்லை, வேறொரு பெண் வேறொரு மொழியில் பேசுகிறார், அழுகிறார். அவர் பெயர்? வசந்தி.

அவரும் அதே வீட்டில் வசிப்பவரா? ஆம், இல்லை என்று இரண்டு கட்டம். ஆம் என்பதை அழுத்தினேன். உடன் வசிப்பவர்கள் எத்தனை பேர் என்று அடுத்த கேள்வி திறந்தது.