குமாரின் பாட்டுக்கு இரண்டாவது குரல்

அக்கா ஒன்று சொன்னால் ஒன்பது திருப்பிச் சொல்லும் என் குமாருக்கு,

உன் பாட்டு முடிந்துவிட்டதடா. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் "ஏக்கா, இழுக்காத" என்பாய்.

நீ போனபிறகு கம்ப்யூட்டர் பக்கமே நான் போகவில்லை. உன் குரலைத் தாங்கமாட்டேன் என்று பயம். பிறகு கேட்காமலும் இருக்க முடியவில்லை. எதிரொலி வராமலிருக்க பீரோவைத் திறந்துவைத்து, அம்மாவின் சேலைகளுக்கு எதிரே மைக்கை நிறுத்தி நாம் பதிவுசெய்த ராப் பாட்டு அல்லவா? விசைத்தறியில் நின்று நின்று உனக்கு மெதுவாகப் பேசவே வராது. "ஏலே, இங்கன தறியா ஓடுது? கத்தாத" என்று உன்னை வாசற்படிவரை தள்ளி நிறுத்தினேன். அப்படியும் சில இடங்களில் குரல் கரகரத்துவிட்டது.

அதையெல்லாம் சரிசெய்தேன். ஃபேன் இரைச்சலை எடுத்தேன், ஏறி இறங்கிய சத்தத்தை ஒரு மட்டத்துக்குக் கொண்டுவந்தேன். ஆனால் கடைசிச் சரணத்தில் மாட்டிக்கொண்டேன். மற்றதையெல்லாம் இரண்டு தடவை பாடியிருந்தாய். ஒன்றின்மேல் ஒன்றை வைத்ததும் பெரிய ஸ்டூடியோவில் எடுத்ததுபோல் கனம் வந்தது. கடைசிச் சரணம் ஒரு தடவைதான். "நாளைக்குப் பாடித் தாரேன்க்கா" என்று போனாய். காமாலை உன்னை விடவில்லை.

அதே குரலை நகலெடுத்து அடியில் வைத்தேன். சத்தம் கூடியதே தவிர கனம் வரவில்லை. சரி, நானே பாடிவிடலாம் என்று ஹெட்போனை மாட்டி முயன்றேன். உன் வேகத்துக்கு என் நாக்கு எங்கே புரளும்? அந்தச் சரணத்தையே வெட்டிவிடலாம் என்று நினைத்தபோது, அப்பா எதிரே நின்று என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்த எடத்துல அவன் நிக்க மாட்டான்ட்டி. ஒரே ஓட்டமா ஓடிருவான்," என்றார்.

வீட்டில் அப்பா இருந்தால் நீ பாடவே மாட்டாயே. உன் பாட்டைப் பற்றி அவரும் ஒருநாள் வாய் திறந்ததில்லை.

"உங்களுக்கு எப்படிப்பா தெரியும்?"

"எதுத்த தறியில நின்னு தெனமும் சொல்லிக்கிட்டே இருப்பாம்லா. அந்த இரைச்சல்ல காது எங்க கேக்கும்? வாயப் பாத்துதான நாங்க பேசுவோம். அவன் வாயப் பாத்தே எல்லாம் பாடமாயிட்டு."

உனக்கு இது தெரியுமாடா? தெரிந்துதான் அவர் பக்கம் திரும்பி நின்று பாடினாயா?

அப்பாவை பீரோ முன்னால் நிறுத்தினேன். உன் குரலைக் கேட்டால் உடைந்துவிடுவாரோ என்று தாளத்தை மட்டும் ஹெட்போனில் கொடுத்தேன். அவரும் உன்னைப்போலவே கத்தினார்; அவரையும் வாசற்படிக்குத் தள்ளினேன். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்தே வந்தன. அவர் குரலைச் சன்னமாக்கி உன் குரலுக்கு அடியில் வைத்தேன். ஒரு சொல்கூடப் பிந்தவில்லை.

சேர்த்துப் போட்டுக் காட்டினேன். கேட்டுவிட்டு, "அவன் குரல மட்டும் போடுட்டி," என்றார். போட்டேன். முடிந்த பிறகும் ஹெட்போனைக் கழற்றவில்லை.

"இப்பதான் கேக்கேன். எம்புட்டு நல்லாப் பாடிருக்கான்," என்றார்.

ஒரு வாக்குத் தருகிறேன். வேறு யாருக்கும் அனுப்புமுன் உன் பாட்டைத் தறிக்கூடத்தில்தான் போடுவேன். உன் வாயசைவை மட்டுமே பார்த்தவர்கள் அங்கே நிறையப் பேர். முதலாளியிடம் அப்பா பேசிவிட்டார். எல்லாத் தறிகளையும் நிறுத்திவிட்டுப் போடுவோம்.

உன்னை வாசற்படியில் நிறுத்திய,
உன் அக்கா பேச்சி
சங்கரன்கோவில்