கவருக்குள் ஒரு ஆவாரங்கொத்து

இராஜபாளையம்
5-1-1990

அன்பு மகன் காசிராஜனுக்கு அப்பா சமுத்திரம் எழுதுவது. நானும் அம்மாவும் நடமாடிக்கொண்டிருக்கிறோம். சூரத்தில் நீயும் மருமகளும் பிள்ளையும் சுகமாயிருக்க இருக்கன்குடி ஆத்தா துணை. அம்மாவுக்கு முழங்கால் வலி கொஞ்சம் தேவலை. நீ அனுப்பிய சேலையை இன்னும் உடுத்தவில்லை, தம்பி வந்த பொறவு உடுத்துகிறாளாம். தம்பி இருளப்பனிடமிருந்து கடிதம் இல்லை, பொங்கலுக்கு எப்படியும் வந்துவிடுவான் என்று எழுதச் சொல்கிறாள். அந்த ஊரில் ஆவாரை கிடைக்குமோ என்னவோ என்று இந்தக் கவருக்குள் ஒரு கொத்து வைத்திருக்கிறாள். போகியன்று வேப்பிலையோடு சேர்த்து வாசல் நிலையில் காப்புக் கட்டிக்கொள்வாயாம். பிள்ளைக்குக் குளிரில் தலைக்குத் தண்ணீர் ஊற்ற வேண்டாமாம்.

இதுவரை எழுதியதை அவளுக்கு வாசித்துக் காட்டிவிட்டேன். எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள். இனி உனக்கு மட்டும். தம்பி இறந்துவிட்டான். கார்த்திகையில். ஸ்ரீவில்லிபுத்தூர் ஸ்டேஷன் தாண்டித் தண்டவாளத்து ஓரத்தில் கிடந்தான். ஆளைக் காணவில்லை என்று முன்பு எழுதிக்கொடுத்திருந்த புகாரை வைத்துப் போலீஸில் என்னைக் கூப்பிட்டார்கள். முகம் பார்க்கும்படி இல்லை. சட்டை புதுசு, நான் பார்த்ததில்லை. இடுப்பில் அரைஞாண் கயிறு இருந்தது. மில் நூலில் அவனே திரித்தது. இரண்டு முடிச்சுப் போட்டு அதன் மேல் ஒரு சுருக்கு. போன பொங்கலுக்கு நம் வாசலில் காப்புக் கட்டியவன் அவன்தான், அந்தக் காய்ந்த கொத்து இன்னும் தொங்குகிறது, அதிலும் அதே நூல், அதே முடிச்சு. ஏட்டையா கேட்டார், உம்ம பையன்தானா, நல்லாப் பார்த்துச் சொல்லும் என்று. இல்லை என்றேன். ஏன் சொன்னேன் என்று இன்றைக்கும் தெரியவில்லை. அவன் சொல்லாமல் மில் வேலையை விட்ட அன்று, இனி இந்த வாசப்படி மிதித்தால் உன் கேதத்துக்குத்தான் என்று நான் சொன்னது உனக்குத் தெரியாது. சித்திரையில் சொன்னது. ஆமாம் என்று சொல்லியிருந்தால், சாபம் விட்ட அந்த வாய்தான் அதையும் சொல்லியிருக்கும். அவன் ஊருக்கு வந்துகொண்டிருந்தானா, ஊரை எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பினானா. யாரிடம் கேட்க.

இரண்டு நாள் கழித்து மறுபடி போனேன். அநாதைப் பிணம் என்று புதைத்தாகிவிட்டது. இடுகாட்டில் குழி வெட்டுகிறவர் கையை நீட்டிக் காட்டினார். அந்த மாதம் மூன்று பேராம், எது எவர் என்று அவருக்கு நினைவில்லை. மூன்று மேடு. சுற்றிலும் ஆவாரை. யாரும் நட்டதில்லை, தண்ணீர் விட்டதில்லை. இப்போது ஒரே மஞ்சள். வெள்ளிக்கிழமைதோறும் பஸ் ஏறிப் போகிறேன், அம்மாவிடம் ஆண்டாள் கோயில் என்று சொல்லிவிட்டு. மூன்று மேட்டுக்கும் பொதுவாக நிற்பேன். இன்று காலை திரும்பி வந்து வாசலில் செருப்பைக் கழற்றும்போதுதான் கையில் பூ இருப்பதைப் பார்த்தேன். எப்போது ஒடித்தேன் என்று தெரியவில்லை. அம்மா முகம் மலர்ந்து, காப்புக்கா, இன்னும் எட்டு நாள் கெடக்கே என்றாள். காசிக்கு அனுப்ப என்று வாய்க்கு வந்ததைச் சொன்னேன். நல்ல கொத்தாகப் பார்த்து அவளே கவரில் வைத்தாள்.

சாவு நடந்து கேதம் விழுந்த வீட்டில் அந்த வருஷம் காப்பு இல்லை, பொங்கல் இல்லை. உனக்குத் தெரிந்ததுதான். ஆனால் இங்கே நான் கட்டியாக வேண்டும். நேற்று உன் சங்கையா சித்தப்பா நம் வாசலுக்கு முன்னால் தெருவில் வைத்து, என்னண்ணே, மகன்கிட்டேயிருந்து ஒரு தாக்கல் தகவல் இல்லை, நீ என்ன பொங்கல் கொண்டாடப் போறே என்று கேட்டுவிட்டான். அம்மா உள்ளேயிருந்து வந்து, எம்புள்ள வரும்போது வாசல் மொட்டையாக் கெடக்கணுமோ, ஒங்க வீட்டு வாசலப் பாத்துட்டுப் போங்க கொழுந்தனாரே என்றாள். காய்ந்த கொத்தையும் எடுக்க விடமாட்டேன் என்கிறாள். அவன் கட்டினது அவன் வந்து அவிழ்க்கட்டுமாம். அதன் பக்கத்திலேயே நான் புதுசைக் கட்ட வேண்டும். என் கைக்கு அந்த முடிச்சு வராது.

தை அமாவாசை இருபத்தாறாம் தேதி வருகிறது. இங்கே நான் எள்ளைத் தொட்டால் அவளுக்குத் தெரிந்துவிடும். உங்கள் மில்லுக்குப் பின்னால் ஆறு ஓடுகிறது என்று எழுதியிருந்தாயே. தம்பி பெயரைச் சொல்லி எள்ளும் தண்ணீரும் நீ விடு. மூத்தவன் நீ. அப்பா உயிரோடு இருக்கும்போது உன்னைச் செய்யச் சொல்வது முறையில்லை. வேறு வழி தெரியவில்லை. கவரில் இருக்கும் கொத்தை வாசலில் கட்டிவிடாதே. பிள்ளை இருக்கிற வீடு. அதையும் அந்தத் தண்ணீரிலேயே விட்டுவிடு.

இந்தத் தாளைக் கிழித்துவிடு. பதில் எழுதும்போது எச்சரிக்கை, நான் இல்லாத நேரம் தபால் வந்தால் அம்மா பக்கத்து வீட்டுப் பரிபூரணத்திடம் கொடுத்து வாசிக்கச் சொல்வாள். காப்புக் கட்டினேன் என்று எழுது. தம்பி வந்துவிட்டானா என்று கேள்.

நீயும் உன் வீடும் நிறைந்திருங்கள்.

உன் அப்பா,
இ. சமுத்திரம்