கை குறைத்த சட்டை

அக்கா,

கிழித்துப் போடாமல் படியுங்கள். உங்கள் மகனின் நீலச் சட்டை இன்னும் என் தையல் கடையில்தான் தொங்குகிறது. கை குறைக்க நீங்கள் கொடுத்த மறுநாளே என் மகன் கத்தியை எடுத்தான். அதைப் போட்டுப் பார்க்க உங்கள் பிள்ளைக்கு ஆயுசு வைக்கவில்லை அவன்.

ஒன்பது வருடமாக மெஷினைச் சுவர்ப் பக்கம் திருப்பிப் போட்டுத் தைக்கிறேன். சட்டையைத் தூக்கிப் போடக் கை வரவில்லை. உங்கள் வாசலை மிதிக்கக் கால் வரவில்லை.

வியாழக்கிழமை அவனை விடுகிறார்கள். "போட்டுட்டு வர ஒரு சட்டை கொண்டு வாம்மா, என்னோடது எதுவும் பத்தாது" என்றான். கம்பிக்கு அந்தப் பக்கம் நின்றவனை என் பாழாய்ப்போன கண் தானாகவே அளந்துவிட்டது. தோள், மார்பு, குறைத்த கை, எல்லாம் அப்படியே பொருந்தும்.

அதற்குள் வந்து எடுத்துக்கொண்டு போய்விடுங்கள் அக்கா. கடையைத் திறந்து வைத்துவிட்டு, நான் தெருவின் எதிர்ப்பக்கம் போய் நிற்கிறேன்.

இப்படிக்கு,
நீங்கள் தங்கச்சி என்று கூப்பிட்டவள்