ஆறாவது அறிக்கை

தலைநகர்,
அக்டோபர் 4

டெல்ஃபினா அக்காவுக்கு,

நலமாக இருப்பாய். உன் படத்தைப் பத்திரிகையில் பார்த்தேன், இளைத்திருக்கிறாய். கீழே நீ சொன்னதையும் போட்டிருந்தார்கள்: "என் தம்பி நல்லாப் படிச்சவன். அரசாங்கத்தோட பொய்யைத் தப்பில்லாம எழுதுவான்." அலுவலகத்தில் யாரோ அதை வெட்டி என் கதவில் ஒட்டியிருந்தார்கள்.

வழக்கைப் பற்றி உன்னிடம் நான் பேசக் கூடாது. வழக்குப் போட்ட பெற்றோர்களோடு பள்ளிச் சமையல்காரி நீயும் சேர்ந்திருக்கிறாய், நான் அரசு வக்கீல். உன் வக்கீல் இல்லாமல் பேசினால் என் உரிமம் போய்விடும். ஆகவே என் கையெழுத்தைப் பற்றி மட்டும் எழுதுகிறேன். இருபத்தேழு ஆண்டுகளில் என்னைவிட இளையவர்கள் மூன்று பேர் எனக்கு மேலதிகாரிகள் ஆனார்கள். ஒருவர்கூட என் கையெழுத்தைச் சந்தேகித்ததில்லை. நீதிபதி உத்தரவிட்டபடி, கிணற்று நீரின் ஆர்சனிக் நஞ்சை வடிகட்டும் இயந்திரம் நாற்பத்தொரு பள்ளிச் சமையலறைகளிலும் பொருத்தியாகிவிட்டது என்று ஆறாவது அறிக்கையில் கையொப்பமிட்டவன் நான். எல்லாப் பள்ளிகளின் ரசீதும் இணைப்பில் இருக்கிறது. உங்கள் பள்ளி ரசீதில் இருப்பது உன் கையெழுத்து.

எவரிஸ்தோ

லாஸ் பினோனெஸ்,
அக்டோபர் 11

அன்புள்ள எவரிஸ்தோ,

பேசக் கூடாது என்று சொல்லிவிட்டு ஒரு பக்கம் பேசியிருக்கிறாய். உன் உரிமத்துக்கு ஆபத்து வேண்டாம். நான் சமையலைப் பற்றியே எழுதுகிறேன்.

இன்று பள்ளியில் பீன்ஸும் பன்றிக்கறியும். தொண்ணூறு பிள்ளைகளுக்கும் தண்ணீர் மலை ஊற்றிலிருந்து என் டிரக்கில்தான் வருகிறது. உன் இயந்திரம் பெட்டிக்குள்ளேயே தாழ்வாரத்தில் நிற்கிறது. பொருத்த யாரும் வரவில்லை. வெங்காயக் கூடை வைக்க நல்ல உயரம். இறக்கிய டிரைவர், "பெட்டி வந்துச்சுன்னு ஒரு கையெழுத்துப் போடுங்கம்மா" என்றார். பெட்டி வந்திருந்தது. போட்டேன்.

பச்சை மிளகாய் சுட்டு அனுப்பியிருக்கிறேன். வீம்புக்குத் தூக்கிப் போடாதே.

உன் அக்கா,
டெல்ஃபினா

தலைநகர்,
அக்டோபர் 24

அக்காவுக்கு,

மிளகாய் கிடைத்தது. காரம் போதாது.

உங்கள் பள்ளிக்கு நான் வர முடியாது. சனிக்கிழமை என் காரில் வேறு ஐந்து பள்ளிகளுக்குப் போனேன். எங்கள் அலுவலகத்தில் அப்படிப் போய்ப் பார்க்கும் வழக்கமில்லை. ரசீது வந்தால் வேலை முடிந்தது. ஐந்திலும் பெட்டியைப் பிரிக்கவே இல்லை. ஒன்றின் மேல் மீன்தொட்டி.

நேற்று நீதிமன்ற அவமதிப்பு விசாரணை. முப்பத்தாறு வயதில் எனக்கு மேலதிகாரியாக வந்திருக்கிறானே, அவன் படிக்கட்டில் என்னை நிறுத்தி, "சார், அறிக்கை பேசட்டும். நீங்க பேசாதீங்க" என்றான்.

நீதிபதி அம்மையார் என்னைப் பார்த்துத்தான் கேட்டார்.

"உத்தரவை நிறைவேத்தியாச்சா இல்லையா, மிஸ்டர் ஆபெய்ட்டா?"

"இல்லைங்க, யுவர் ஆனர். பெட்டிகளை இறக்கினோம், அவ்வளவுதான். அறிக்கை தப்பு. கையெழுத்து என்னோடது."

"தெரிஞ்சே போட்டீங்களா?"

"போய்ப் பார்க்காமப் போட்டேன்."

கல்வித் துறைச் செயலர் நீதிமன்றத்தை அவமதித்தார் என்று தீர்ப்பானது. கடைசி இயந்திரம் ஓடும்வரை, திங்கள்தோறும் அவரே நேரில் வந்து நின்று பதில் சொல்ல வேண்டும். எனக்கு மாதக் கடைசியோடு வேலை இல்லை.

உனக்காகச் செய்ததாக நினைக்காதே. பத்திரிகையில் நீ சொன்னதை நான் மன்னிக்கவும் இல்லை. ஆனால் அந்தப் பொடியன் மேலதிகாரியின் முகத்தை நீ பார்த்திருக்க வேண்டும். நீ அங்கே இருந்தாயா? திரும்பிப் பார்க்க எனக்குத் தோன்றவில்லை.

எவரிஸ்தோ

லாஸ் பினோனெஸ்,
அக்டோபர் 29

அன்புள்ள எவரிஸ்தோ,

மன்னிக்காவிட்டால் போ.

இருந்தேன். கடைசிக்கு முந்தின வரிசை. "கையெழுத்து என்னோடது" என்று நீ சொன்னதும் பக்கத்திலிருந்த பெண், "யாருங்க இந்த ஆளு?" என்று என் காதில் கேட்டாள். "என் தம்பி" என்றேன். சத்தமாகவே வந்துவிட்டது. நீதிமன்றக் காவலர் ஓடிவந்து, "அம்மா, இங்க பேசக் கூடாது. இன்னொரு தடவை வாயத் திறந்தா வெளியே அனுப்பிடுவேன்" என்றார்.

இன்னொரு தடவை சொன்னேன். அதனால்தான் தீர்ப்பை நான் வெளியே நின்று கேட்க வேண்டியதாயிற்று.

உன் அக்கா,
டெல்ஃபினா